வெள்ளமும் விதியும்

ஐப்பசி பிறந்து மேகம் கறுத்துவிட்டால் நமது கிராமங்களில் ஒரு பேச்சு கிளம்பிவிடுகின்றது. "இந்த வருஷம் என்ன எழுதியிருக்கிறதோ?" என்று ஒருவர் கேட்பார். "எல்லாம் அவன் செயல்" என்று மற்றொருவர் சொல்லுவார். "ஏரிக்கரை அம்மனுக்குக் கூழ் ஊற்றி மூன்று வருஷமாயிற்று, சும்மா விடுவாளா?" என்று மூன்றாமவர் முடிப்பார். ஆறு பெருகி வீட்டுக்குள் தண்ணீர் நுழைந்த பிறகு இந்த மூவரும் ஒரே பள்ளிக்கூடத்துத் தாழ்வாரத்தில், ஒரே சோற்றுப் பொட்டலத்துக்குக் கை நீட்டிக்கொண்டு நிற்பார்கள். தண்ணீர் வடிந்ததும் பழைய பள்ளத்திலேயே பழைய குடிசையைக் கட்டிக்கொண்டு, அடுத்த ஐப்பசியில் மறுபடியும் "என்ன எழுதியிருக்கிறதோ?" என்று தொடங்கிவிடுவார்கள்.

எழுதியிருக்கிறது என்பது வாஸ்தவந்தான். ஆனால் அந்த எழுத்து நம் தலையில் இல்லை, தரையில் இருக்கின்றது. எந்த வயல் மேடு, எந்தத் தெரு பள்ளம், எந்த ஓடை எந்த ஆற்றில் விழுகின்றது, எவ்வளவு மழைக்கு எவ்வளவு உயரம் தண்ணீர் நிற்கும் என்பதெல்லாம் அளந்து பார்க்கக்கூடிய சங்கதிகள். அவற்றை அளந்து காகிதத்தில் குறித்தால் அதற்கு வெள்ளச் சமவெளி வரைபடம் என்று பெயர். அந்தப் படம் நமது ஜனங்களின் கையில் இல்லாதது ஏன், அதனால் லாபம் யாருக்கு, நஷ்டம் யாருக்கு என்பதைப் பற்றியே இன்று பேச விரும்புகின்றோம்.

மாகறலையே எடுத்துக்கொள்ளுவோம். காஞ்சிபுரத்திலிருந்து உத்திரமேரூர் போகும் வழியில், செய்யாற்றங்கரையில் உள்ள ஊர் இது. தேவாரப் பாட்டுப் பெற்ற சிவன் கோயில் உள்ள ஊர் என்று இதன் பெருமையைப் பேசுவார்கள். செய்யாறு ஜவ்வாது மலையில் பிறந்து, திருவண்ணாமலை ஜில்லாவைக் கடந்து, இந்தப் பக்கமாய் வந்து, திருமுக்கூடலில் பாலாற்றோடு சேருகின்றது. வேகவதியும் அங்கேதான் சேருகின்றது. வருஷத்தில் அநேக மாதங்கள் இந்த ஆறுகளில் மணல்தான் ஓடும். பாலாற்றை "செத்த ஆறு" என்று சொல்லிச் சொல்லியே ஒரு தலைமுறை வளர்ந்துவிட்டது.

அந்தச் "செத்த ஆறு" 2021-ஆம் வருஷம் நவம்பர் மாதத்தில் எழுந்து நடந்ததை இந்தப் பக்கத்தார் யாரும் மறந்திருக்கமாட்டார்கள். வாலாஜாவுக்கருகிலுள்ள பாலாற்று அணைக்கட்டில் வினாடிக்கு ஒரு லட்சம் கன அடிக்கு மேல் தண்ணீர் போயிற்று. செய்யாறும் கரை புரண்டது. மாகறலை அடுத்த வெங்கச்சேரியில் செய்யாற்றின் குறுக்கே இருந்த தரைப்பாலம் சேதமடைந்து, காஞ்சிபுரத்துக்கும் உத்திரமேரூருக்கும் அந்த வழியில் போக்குவரத்தே நின்றுவிட்டது. இதற்கு முன் 1903-ஆம் வருஷம் நவம்பரில், மேலே மைசூர்ச் சீமையில் ஏரிகள் உடைந்து பாலாற்றில் வந்த வெள்ளம் வாணியம்பாடியைச் சூறையாடியது. நடுவில் நூறு வருஷத்துக்கு மேலாகிவிட்டது. அந்த நூறு வருஷத்தில் ஆறு தன் வழியை மறக்கவில்லை, மறந்தவர்கள் நாம்தான்.

இப்பொழுது ஒரு கேள்வி கேட்கின்றோம். வெள்ளம் தெய்வத்தின் கோபமானால், அந்தத் தெய்வம் ஒவ்வொரு தடவையும் அதே தெருவின்மேல் கோபித்துக்கொள்ளுவானேன்? மேட்டுத் தெருவில் பொய் சொல்லுகிறவனே இல்லையா? வட்டிக்கு வட்டி வாங்குகிறவன் இல்லையா? பாவமெல்லாம் பள்ளத்தில் மட்டுந்தானா குடியிருக்கின்றது? அநேக ஊர்களில் கோயில் கட்டினவன் மேடு பார்த்துத்தானே கட்டினான்? கல்லுச் சாமிக்கு மேடு வேண்டும் என்று தெரிந்த புத்தி, பிள்ளைகுட்டியோடு வாழ்கிற மனிதனுக்கும் மேடு வேண்டும் என்பதில் மட்டும் ஏன் மழுங்கிப்போயிற்று? இதற்கு வைதீகர்கள் சமாதானம் சொல்லட்டும்.

நிற்க, வெள்ளம் என்பது என்ன? ஆறு என்றால் மணல் தெரிகிற இடம் மாத்திரம் ஆறு என்று நாம் நினைத்துக்கொண்டிருக்கிறோம். அது தப்பு. கோடையில் ஓடுகிற வாய்க்கால் ஆற்றின் படுக்கை என்றால், இரு பக்கத்திலும் உள்ள தாழ்ந்த பூமி அதன் திண்ணை. விருந்து அதிகமாய் வந்தால் திண்ணையிலும் இலை போடுவதில்லையா? அதேமாதிரி மழை அதிகமானால் ஆறு திண்ணையில் வந்து படுக்கும். அந்தத் திண்ணைதான் வெள்ளச் சமவெளி. அங்கே வண்டல் படிவதால்தான் நெல்லும் கரும்பும் விளைகின்றது. உழுவதற்கு அது நல்ல பூமி, படுத்துத் தூங்குவதற்கு ஆபத்தான பூமி. இன்னொரு சங்கதியும் உண்டு. திருமுக்கூடலில் பாலாறு நிறைந்து போகும் நாளில், அதில் வந்து விழுகிற கிளையாறு தண்ணீரை வடிக்க இடமில்லாமல் பின்வாங்கித் தேங்கும். ஆகவே நமது ஊரில் மழை விட்டு வெயில் அடித்தாலும் தண்ணீர் ஏறலாம். இதில் மாயமும் இல்லை, மந்திரமும் இல்லை.

இதைப் படமாக்குவது எப்படி? முதலாவது, பூமியின் மேடு பள்ளத்தை அளக்கவேண்டும். முன்காலத்தில் மட்டக்கருவியும் அளவுகோலும் தூக்கிக்கொண்டு நடந்தார்கள். இப்பொழுது விமானத்திலிருந்து ஒளிக்கதிரை வீசி அங்குலக் கணக்கில் அளந்துவிடுகிறார்கள். இரண்டாவது, ஆற்றில் இத்தனை வருஷமாய் எவ்வளவு தண்ணீர் போயிற்று, எவ்வளவு மழை பெய்தது என்ற கணக்கு. மூன்றாவது, முன் வந்த வெள்ளம் எந்தச் சுவரில் எத்தனை அடி ஏறியது என்ற அடையாளம். இந்த மூன்றையும் சேர்த்து, இவ்வளவு தண்ணீர் வந்தால் இந்தத் தெருவில் முழங்கால் ஆழம், அந்தத் தெருவில் கழுத்தளவு, இந்தப் பாதை முதலில் அடைபடும், அந்த மேடு கடைசிவரை நிற்கும் என்று வர்ணம் பூசிக் காட்டுவதுதான் வரைபடம்.

மூன்றாவதாகச் சொன்ன அடையாளத்தைக் கொடுக்கக்கூடியவர் யார் தெரியுமா? பட்டம் பெற்ற இன்ஜினீயர் அல்ல. ஆற்றோரம் மாடு மேய்ப்பவர், ஏரிக்கு மடை திறக்கும் நீர்க்கட்டி, சேரியில் மூன்று வெள்ளத்தைப் பார்த்த கிழவி, இவர்களுக்குத்தான் அது தெரியும். "இந்தப் புளியமரத்தின் இரண்டாவது கிளை வரைக்கும் வந்தது" என்று அந்தம்மாள் சொல்லுவது எந்த சாஸ்திரிகளின் பஞ்சாங்கத்தைவிடவும் உயர்ந்த சாஸ்திரம். ஏனென்றால் அது கண்டதைச் சொல்லுவது, சரிபார்க்கக்கூடியது. பஞ்சாங்கக்காரரோ இத்தனை மரக்கால் மழை என்று எல்லா ஊருக்கும் சேர்த்து ஒரே கணக்காய்ச் சொல்லிவிட்டுத் தட்சணையை வாங்கிக்கொண்டு போய்விடுவார். எந்தத் தெருவில் தண்ணீர் ஏறும் என்று அவரைக் கேட்டால் வாய் திறக்கமாட்டார்.

இந்தப் படங்களில் "நூறு வருஷ வெள்ளம்" என்று ஒரு கோடு போடுவார்கள். இதைக் கேட்டவுடன், "2021-ல் வந்துவிட்டதே, இனி நம் பேரன் காலத்தில்தானே" என்று காலை நீட்டிப் படுப்பவர்கள் உண்டு. அது ஜோசியக் கணக்கு. உண்மைக் கணக்கு வேறு. எந்த வருஷத்தை எடுத்துக்கொண்டாலும் அந்த அளவு வெள்ளம் வர நூற்றில் ஒரு பங்கு வாய்ப்பு உண்டென்பதுதான் அதன் பொருள். நூறு சோழியில் ஒன்றுக்குக் கறுப்பு வைத்து, வருஷத்துக்கு ஒரு தடவை கையைவிட்டு ஒன்றை எடுத்துப் பார்த்துத் திரும்பப் போடுவதுபோல. சென்ற வருஷம் கறுப்பு வந்ததென்று இந்த வருஷம் வராதிருக்காது. கடன் வாங்கி வீடு கட்டி முப்பது வருஷம் அதில் வாழ்கிறவனுக்கு, அந்த முப்பது வருஷத்துக்குள் ஒரு தடவையாவது கறுப்புச் சோழி வர ஏறக்குறைய நாலில் ஒரு பங்கு வாய்ப்பு இருக்கின்றது. நாலு மாட்டில் ஒன்று சாகுமென்று தெரிந்தால் எந்தக் குடியானவனாவது அந்தச் சந்தையில் மாடு பிடிப்பானா?

படம் கையிலிருந்தால் ஊர் என்ன செய்யலாம்? பள்ளிக்கூடத்தையும் ஆஸ்பத்திரியையும் ரேஷன் கடையையும் மின்சாரப் பெட்டியையும் எங்கே வைக்கக்கூடாதென்று முன்கூட்டியே தெரியும். மேலே எவ்வளவு தண்ணீர் திறந்தால் தரைப்பாலத்தை எந்த நாழிகையில் அடைக்கவேண்டும் என்று தெரியும். முதலில் தண்ணீர் ஏறும் வீடுகள் எவை, அவற்றில் பிள்ளைத்தாய்ச்சி யார், எழுந்து நடக்க முடியாத கிழவர் யார், அவரைத் தூக்கிப்போக நாலு வாலிபர் யார் என்று பட்டியல் போட்டு வைக்கலாம். மாடுகளை ஓட்டிக்கொண்டு போக மேட்டுவழி எது, விதை நெல்லை எத்தனை அடி உயரத்தில் வைத்தால் நனையாது, புது வீட்டின் தரையை எத்தனை அடி உயர்த்தவேண்டும் என்றெல்லாம் கணக்குப் பண்ணலாம். வெள்ளத்தை யாராலும் நிறுத்த முடியாதுதான். ஆனால் வெள்ளம் வருகிறபோது மனிதன் அங்கே இல்லாமலிருக்கச் செய்ய முடியும். பெரியம்மையை மாரியம்மன் விளையாட்டு என்று சொல்லிக்கொண்டிருந்த நாளில் லட்சக்கணக்கில் செத்தோம். அம்மை குத்திக்கொண்டோம், பூமியைவிட்டே அது ஒழிந்ததென்று உலக சுகாதார ஸ்தாபனம் 1980-ல் சொல்லிவிட்டது. அந்தப் புத்தியைத்தான் தண்ணீருக்கும் உபயோகியுங்கள் என்கிறோம்.

இனி, இவ்வளவு நல்ல காரியம் ஏன் நடக்கவில்லை என்பதைப் பார்ப்போம்.

உத்திரமேரூரைக் காட்டி, ஆயிரம் வருஷத்துக்கு முன்பே நாம் ஜனநாயகம் கண்டோம் என்று மேடைதோறும் மார் தட்டுகிறார்கள். பராந்தக சோழன் காலத்தில், 919-லும் 921-லும் வெட்டப்பட்ட கல்வெட்டுகள் அங்கே இருக்கின்றன. குடவோலை போட்டு வாரியங்களுக்கு ஆள் எடுத்ததையும், ஏரியைக் கவனிக்க ஏரி வாரியம் என்றே ஒன்று இருந்ததையும் அவை சொல்லுகின்றன. தண்ணீரைக் கவனிக்கத் தனிச்சபை வைத்த புத்தியை நாமும் மெச்சுகின்றோம். ஆனால் அந்த ஓலையில் யார் பெயர் எழுதப்பட்டது? கால்வேலி நிலமும், சொந்த மனையில் வீடும், வேதப் படிப்பும் உள்ளவன் பெயர். நிலம் அரைக்கால்வேலியாய்க் குறைந்தால், ஒரு வேதமும் ஒரு பாஷ்யமும் அதிகமாய்த் தெரிந்திருக்கவேண்டும். ஏரியில் இறங்கிச் சேறு வாரினவன் பெயர் குடத்துக்குள் போகவே இல்லை. கரை உடைந்தால் முதலில் முழுகுகிறவனுக்குக் கரையைப் பற்றிப் பேச அதிகாரமில்லை. இதுதான் அந்த ஜனநாயகம்.

ஆயிரம் வருஷமாகியும் அந்தக் குடம் இன்னும் உடையவில்லை என்றே சொல்லுகின்றோம். அன்று வேதத்தைச் சூத்திரன் காதில் விழாமல் காத்தார்கள். இன்று வெள்ளப் படத்தைக் குடியானவன் கண்ணில் படாமல் காக்கிறார்கள். படமே இல்லையா என்றால், இருக்கின்றது. ஹைதராபாத்திலுள்ள தேசியத் தொலையுணர்வு மையத்தார் அஸ்ஸாம், பீகார் முதலிய மாகாணங்களுக்கு வெள்ள அபாயப் படத் தொகுதிகளைச் செய்து வெளியிட்டிருக்கிறார்கள். சென்னைப் பட்டணத்துக்கு வெள்ளத்தை முன்னறியும் ஏற்பாடு ஒன்று 2019-ல் வந்தது. ஆனால் இவையெல்லாம் இங்கிலீஷிலும், கம்ப்யூட்டருக்குள்ளும், ஆபீஸ் பீரோவுக்குள்ளும் இருக்கின்றன. மாகறல் ஊராட்சிச் சுவரில் தமிழில் எழுதித் தொங்கினாலல்லவா அது மாகறலாருக்குப் படம்? பீரோவுக்குள் இருக்கும் படத்துக்கும் கர்ப்பக்கிரகத்துக்குள் இருக்கும் சாமிக்கும் என்ன வித்தியாசம்? இரண்டையும் தொட நமக்கு உரிமை இல்லை என்பதுதானே?

1975-லேயே மத்திய நீர் ஆணையத்தார், வெள்ளச் சமவெளியைப் பகுதி பிரித்து எங்கே என்ன கட்டலாம், எங்கே கட்டக்கூடாது என்று வரையறுக்க ஒரு மாதிரி மசோதாவை எல்லா மாகாணங்களுக்கும் அனுப்பினார்கள். மணிப்பூர் 1978-ல் சட்டம் செய்தது. ராஜஸ்தான் 1990-ல் செய்தது. உத்தரகண்டும் 2012-ல் செய்தது. பெரும்பாலான மாகாணங்கள் அந்தக் காகிதத்தைக் கட்டி வைத்துவிட்டன.

ஏன்? படம் வந்தால் மனை விலை இறங்கும். இதைத் தவிர வேறு ரகசியமில்லை. அடையாற்றுப் பள்ளத்தில் முடிச்சூரிலும் வரதராஜபுரத்திலும் கோடையில் காய்ந்த பூமியைக் காட்டி மனை விற்றார்கள். சிறுகச் சிறுகச் சேர்த்த காசில் வாங்கினவன் 2015-ல் மொட்டைமாடியில் நின்று படகுக்குக் கூவினான். அந்த வருஷம் டிசம்பர் 1-ஆம் தேதி இரவில் செம்பரம்பாக்கம் ஏரியிலிருந்து வினாடிக்கு 29,000 கன அடி திறக்கப்பட்டது. அது மனிதனால் வந்த கேடு என்று மத்தியக் கணக்குத் தணிக்கை அதிகாரியின் அறிக்கையே 2018-ல் சட்டசபையில் வைக்கப்பட்டது. அப்படியிருக்க, "இயற்கையின் சீற்றம்" என்று பத்திரிகைகள் எழுதின. தெய்வத்தின் பேரில் போட்ட பழியை இயற்கையின் பேரில் மாற்றிப் போட்டதைத் தவிர இதில் என்ன முன்னேற்றம்?

இதைவிட வெட்கக்கேடான சங்கதி ஒன்று இருக்கின்றது. நமது நாட்டில் எத்தனையோ கிராமங்களில் ஊர் மேட்டிலும் சேரி பள்ளத்திலும் இருக்கின்றன. ஏரியின் கலங்கல் வழிகிற பக்கம், ஓடை வளைகிற பக்கம், ஒருவரும் விலைக்குக் கேட்காத பக்கம், அதுவே ஆதிதிராவிடத் தோழர்களுக்கென்று ஒதுக்கப்பட்டது. ஜாதி ஏணியில் கீழ்ப்படி கொடுத்தவர்கள் பூமியிலும் கீழ்ப்படியையே கொடுத்தார்கள். இலவச மனைப் பட்டாக்கூட அநேக இடங்களில் மிச்சம் கிடந்த பள்ளத்தில்தான் அளந்து கொடுக்கப்பட்டது. வெள்ளப் படத்தை எடுத்து, அதன்மேல் ஊரையும் சேரியையும் குறித்துப் பாருங்கள். மனுதர்மத்தைத் தண்ணீரால் எழுதிக் காட்டியதுபோல் இருக்கும். மறுநாள் வந்து அரிசியும் வேட்டியும் கொடுத்துப் போட்டோ எடுத்துக்கொள்ளுகிறவர்களைக் கேளுங்கள்: "எங்களுக்குப் பிச்சை வேண்டாம், எங்களை இந்தப் பள்ளத்தில் வைத்தது யார் என்பதற்குப் பதில் சொல்லுங்கள்." அந்தக் கேள்வியைக் கேட்கும் தைரியத்தைக் கொடுப்பது படம். அதனால்தான் படத்துக்கு இத்தனை பயம்.

ஒரு நியாயமான ஆட்சேபம் உண்டு. "படம் போட்டால் அதையே காரணமாய்ச் சொல்லி ஏழைகளை விரட்டிவிட மாட்டார்களா?" என்று நம் தோழர்கள் கேட்கலாம். விரட்டினார்கள் என்பதும் மெய்யே. 2015-க்குப் பிறகு அடையாறு, கூவம் கரைகளிலிருந்த ஏழைக் குடும்பங்களைப் பிய்த்தெடுத்துப் பெரும்பாக்கம் முதலிய இடங்களில் அடுக்குமாடிகளில் கொண்டுபோய் வைத்தார்கள். அந்தப் பெரும்பாக்கமோ பள்ளிக்கரணைச் சதுப்பு நிலத்தை ஒட்டிய தாழ்ந்த பூமி. அங்கேயும் மழைக்குத் தண்ணீர் நிற்கின்றது. சட்டியிலிருந்து அடுப்பில் விழுந்த கதை. ஆனால் இது படத்தின் குற்றமா? படம் ஒருவன் கையில் மட்டும் இருந்ததன் குற்றம். அதே படம் குடிசைக்காரன் கையிலும் இருந்திருந்தால், "நான் இருக்கும் இடம் பள்ளமென்றால் பக்கத்திலுள்ள பெரிய கட்டடம் எந்த மேட்டில் நிற்கின்றது? எனக்குக் கொடுக்கும் புது இடம் எத்தனை அடி உயரம்?" என்று கேட்டிருப்பான். ஆகவே படத்தை ஒழிக்கவேண்டும் என்பதல்ல, எல்லாருக்கும் பொதுவாக்கவேண்டும் என்பதே நம் கட்சி.

மற்றொன்றையும் மறைக்காமல் சொல்லிவிடுகின்றோம். படத்தையே ஒரு தாயத்தாக்கிவிடக் கூடாது. ஜப்பானில் குராஷிகி நகரத்தைச் சேர்ந்த மாபி என்னும் இடத்தில் 2018 ஜூலையில் வெள்ளம் வந்தது. தண்ணீர் ஏறின இடமும் ஏற்கெனவே போட்டிருந்த படமும் ஏறக்குறைய அப்படியே ஒத்திருந்தன. இருந்தும் 51 பேர் இறந்தார்கள். பெரும்பாலோர் 65 வயது கடந்தவர்கள். படம் இருந்தது, ஆனால் அதைப் பார்த்துக் காலத்தில் கிளம்பினவர்களும், கிளம்ப முடியாத கிழவர்களைத் தூக்கினவர்களும் போதவில்லை. படித்த ஜப்பானியருக்கே இந்தக் கதி என்றால், படத்தைச் சுவரில் மாட்டிக் குங்குமம் வைக்கிற பழக்கமுள்ள நமக்கு எவ்வளவு ஜாக்கிரதை வேண்டும்? வருஷத்துக்கு ஒரு தடவை மழைக்கு முன்னே அந்தப் படத்தைக் கையில் வைத்துக்கொண்டு, ஊரே எழுந்து மேட்டுக்கு நடந்து பார்க்கவேண்டும். சாமி ஊர்வலத்துக்குத் தெருத்தெருவாய்ச் சுற்றும் கால்களுக்கு இது ஒரு பெரிய காரியமல்ல.

ஆதலால் மாகறலிலும் செய்யாற்றங்கரையிலும் உள்ள தோழர்களே! ஜனவரி 26, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2 ஆகிய நாட்களில் கிராமசபை கூடுகின்றது. அங்கே குடவோலையும் இல்லை, வேதப் பரீட்சையும் இல்லை. ஓட்டுள்ள ஆணும் பெண்ணும் சேரியும் ஊரும் சமமாய் உட்காரச் சட்டம் இருக்கின்றது. அடுத்த சபையில் எழுந்து நின்று இவற்றைத் தீர்மானமாய்ப் போடுங்கள்: எங்கள் ஊரின் வெள்ளப் படம் தமிழில், சர்வே நம்பரோடு, ஊராட்சிச் சுவரில் வேண்டும். 2021-ல் தண்ணீர் ஏறின உயரத்தை ஒவ்வொரு தெருவிலும் வர்ணத்தால் குறிக்கவேண்டும். அந்தக் கோட்டுக்குக் கீழே ஒரு மனைப்பிரிவுக்கும் அனுமதி கூடாது, ஒரு இலவசப் பட்டாவும் கூடாது. அந்தக் கோட்டுக்குக் கீழே இன்று வாழ்கிறவர்களுக்கு அதே ஊரில், அவர்கள் சம்மதத்தோடு, மேட்டில் மனை வேண்டும். படம் போட வருகிறவர்கள் சேரிக் கிழவியைக் கேட்காமல் போகக்கூடாது.

படம் வரும்வரை காத்திருக்கவும் வேண்டியதில்லை. ஒரு வாளிச் சுண்ணாம்பும் ஒரு மட்டையும் எடுத்துக்கொண்டு, பெரியவர்களை முன்னே விட்டு, நாலு வாலிபர்கள் ஒரு ஞாயிற்றுக்கிழமை தெருத்தெருவாய்ப் போய்த் தண்ணீர் நின்ற இடத்தில் கோடு போடுங்கள். மழை வருமுன் போடுங்கள். நெற்றியில் போடும் கோடு இதுவரை ஒருவனையும் வெள்ளத்திலிருந்து கரையேற்றியதில்லை. சுவரில் போடும் கோட்டைப் பார்த்துவிட்டு ஒரு தாய் தன் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு காலத்தில் கிளம்பினாலும், போட்ட கோட்டுக்குப் பலன் வந்துவிட்டதென்போம்.